இதை ஒருக்காப் பிடியுங்கோ

அவளுடைய பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. எனக்கு வரவேண்டிய நல்ல வார்த்தைகள் பலவற்றை அவள் ஏற்கெனவே வாங்கிக்கொண்டு போய்விட்டாள். அச்சில் பெயர் வருகிற சந்தோஷத்தையும் நானே அவளுக்குக் கொடுக்கவேண்டுமா?

ரொறன்ரோவின் ஸ்பெடைனா வீதியில், டண்டாஸ் சந்திக்கு மேலும் கீழுமாக, சீனக் கடைகளின் தெருச்சாப்பாட்டைக் காட்டிக்கொண்டு நடக்கும் ஒரு சிறிய சுற்றுலாவில் நாங்கள் இருவரும் வழிகாட்டிகளாக இருந்தோம். சனி, ஞாயிறுகளில் பத்துப் பன்னிரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு ஐந்து கடைகளுக்குப் போகவேண்டும். ஒருவர் சிவப்புக் குடையைப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்து கதை சொல்வார். மற்றவர் யாரும் தொலைந்துபோகாதபடி பின்னால் வருவார். சீனச் சாப்பாட்டைக் காட்டுவதற்கு ஏன் இரண்டு தமிழ்ப் பெண்கள் என்று வருகிறவர்கள் கேட்பார்கள். எங்கள் முதலாளி ஹாங்காங்கில் பிறந்தவர். அவர் சொல்லும் காரணம், சீனர்களை வேலைக்கு வைத்தால் தங்கள் தங்கள் மாகாணத்துக் கடை வந்ததும் அந்த இடத்தை விட்டு நகரமாட்டார்கள் என்பதுதான். உங்கள் இருவருக்கும் எல்லாக் கடையும் ஒன்றுதானே என்பார்.

எனக்கு எல்லாக் கடையும் ஒன்றில்லை. நான் பல்கலைக்கழகத்தில் மண்டரின் படித்துக்கொண்டிருந்தேன். எந்தக் கொழுக்கட்டை வடக்கிலிருந்து வந்தது, எந்த ரொட்டி கடலோரத்து ஆட்களுடையது, சீரகமும் மிளகாய்த்தூளும் தூவிய ஆட்டிறைச்சிக் குச்சி எந்தப் பாலைவனப் பாதையால் வந்து சேர்ந்தது என்றெல்லாம் வாசித்துத் தயார்செய்துதான் குடையைக் கையில் எடுப்பேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான். அம்மா இடப்பெயர்வுகளுக்கு நடுவே மூன்றாம் வகுப்போடு நின்றவர். அப்பாவுக்கு அதுவும் இல்லை. ஆகவே எனக்குத் தெரிந்த ஒன்றை நாலு பேருக்கு முன்னால் சொல்லும்போது என் முதுகு தானாகவே நிமிர்ந்துகொள்ளும். அதில் வெட்கப்பட எனக்கு ஒன்றும் இல்லை.

அவளுக்கோ கொழுக்கட்டை என்றால் கொழுக்கட்டை. எள் ஒட்டிப் பொரித்த உருண்டை, உள்ளே சிவப்புப் பயற்றை அரைத்த இனிப்பு வைத்தது, அவளுக்குச் 'சைனீஸ் சூசியம்'. இது சீனாவில் எந்தப் பகுதியில் இருந்து வந்தது என்று யாராவது கேட்டால், தலையைத் திருப்பிக் கடையின் பின்பக்கத்தைக் காட்டி, அந்தக் குசினியிலிருந்து என்று ஆங்கிலத்தில் சொல்வாள். எல்லோரும் சிரிப்பார்கள். நான் மட்டும் சிரிக்கமாட்டேன்.

என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவள். பிக்கரிங்கிலிருந்து ரயிலில் வருவாள். வட்ட முகம், வேகமான நடை, எப்போதும் அவிழ்ந்து கிடக்கும் சப்பாத்து லேஸ். அந்த லேஸில்தான் அவளுடைய வித்தை இருந்தது.

சுற்றுலாவுக்குக் காசு கட்டிவிட்டு வருகிறவர்களிலும் சிலர் கடை வாசலில் பின்வாங்குவார்கள். கோழிக்காலைக் கண்டதும், புளிக்கவைத்த தோபுவின் மணம் வந்ததும், எனக்கு வேண்டாம், நன்றி என்பார்கள். நான் பரவாயில்லை என்று சொல்லி அடுத்தவரிடம் போவேன். எங்களுக்குத் தந்த பயிற்சியும் அதுதான். அவள் போகமாட்டாள். அந்த ஆளின் கையில் தட்டைக் கொடுத்து, இதை ஒரு நிமிடம் எனக்காகப் பிடியுங்கள், லேஸ் கட்டவேண்டும் என்பாள். மறுக்க முடியாது. பிடிக்கச் சொன்னால் யார்தான் பிடிக்கமாட்டார்கள்? அவள் குனிவாள். குனிந்தவள் எழும்பமாட்டாள். ஒரு சப்பாத்து முடிந்து மற்றதைத் தொடங்குவாள். சூடான சாப்பாடு மூக்குக்கு நேரே ஆவி பறக்க, அந்த ஆள் அங்கும் இங்கும் பார்ப்பார். அவள் நிமிரும்போது தட்டில் பாதிதான் இருக்கும். நன்றி என்று தட்டை வாங்குவதுபோல் கையை நீட்டுவாள். ஒருவரும் திருப்பிக் கொடுத்தது கிடையாது.

ஒட்டாவாவிலிருந்து வந்த ஒரு பெரியவர் மட்டும் கோபித்தார். அவர் கோழிக்காலைத் தின்றுவிட்டுத்தான் கோபித்தார் என்பது வேறு விஷயம்.

சுற்றுலா முடிந்ததும் வந்தவர்கள் இணையத்தில் எங்களைப் பற்றி எழுதுவார்கள். என்னைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரே சொல்லைத்தான் எழுதுவார்கள். நிறையத் தெரிந்தவர். நிறையத் தெரிந்த வழிகாட்டி. ஆங்கிலத்தில் அந்தச் சொல்லைக் கண்டாலே எனக்கு எரிச்சல் வரும். அவளைப் பற்றி எழுதுகிறவர்கள் பந்தி பந்தியாக எழுதுவார்கள். அவள் தன் சொந்த மச்சாளைப்போல இருந்தாள் என்று நோவா ஸ்கோஷியாவிலிருந்து வந்த ஒரு பெண் எழுதியிருந்தாள். நான் இரண்டு மணிநேரம் தொண்டை வரள வரலாறு சொன்ன நாள் அது. அவள் பின்னால் வந்த நாள்.

நான் சந்தோஷப்பட்ட ஒரு நாளும் இருந்தது. புறப்படும்போதே ஒவ்வொருவரிடமும் ஒவ்வாத பொருள் ஏதும் உண்டா என்று கேட்பது என் வழக்கம். ஓர் ஆசிரியை கச்சான், அதாவது நிலக்கடலை, ஆகாது என்று சொல்லியிருந்தார். அந்த நேரம் இவள் கடைக்காரப் பெண்ணோடு பேசிக்கொண்டு நின்றாள். மூன்றாவது கடையில், கச்சான் தூள் தூவிய நூடில்ஸ் கிண்ணத்தை ஆசிரியை வேண்டாம் என்றார். இவள் கிண்ணத்தைக் கையில் கொடுத்துவிட்டுக் குனிந்தாள். நான் ஓடிப்போய்ப் பறித்தேன். ஆசிரியை ஒரு வாய்கூட வைக்கவில்லை. ஆனாலும் செய்தி கேட்டு வந்த முதலாளி கடுமையாகப் பேசினார். இனிமேல் ஒருதரம் கேட்பது, வேண்டாம் என்றால் விடுவது, அவ்வளவுதான் என்றார். அவள் முகம் வாடியதை நான் பார்த்தேன். அன்று என் நடையே வேறு மாதிரி இருந்தது. ஆனால் சற்றுநேரத்தில் திரும்பிப் பார்த்தால், முதலாளியின் கையில் ஆவியில் அவித்த ஒரு பன். லேஸ் கட்டுகிறாளாம். முதலாளி திட்டிக்கொண்டே தின்றுகொண்டிருந்தார்.

அதற்குப் பிறகு புறப்படும்போது நான் கேட்பதை அவள் பக்கத்தில் நின்று கவனமாகக் கேட்பாள். மற்றபடி எதுவும் மாறவில்லை.

என் மனது பொறுக்காத விஷயம் அம்மாவுடையது.

அம்மா ஸ்காபரோவில் ஒரு தொழிற்சாலையில் பிஸ்கட் பெட்டி அடுக்குகிறவர். என் வேலையைப் பற்றி அவருக்கு நல்ல அபிப்பிராயம் இல்லை. வெக்ஸ்போர்ட்டில் எங்கள் கட்டடத்து லிஃப்டில் யாராவது மகள் என்ன செய்கிறாள் என்று கேட்டால் படிக்கிறாள் என்று மட்டும் சொல்வார். ஒருநாள் என்னிடமே கேட்டார்.

"சனங்களைக் கூட்டிக்கொண்டுபோய்த் தின்னக் குடுக்கிறதுக்கே பிள்ளை உவ்வளவு படிச்சனி?"

அதன் பிறகு எனக்கு ஒரே ஆசைதான் இருந்தது. அம்மா ஒருநாள் வந்து பார்க்கவேண்டும். நான் குடையோடு முன்னால் நின்று பேச, வெள்ளைக்காரரும் சீனரும் தலையாட்டிக் கேட்பதை அவர் பார்க்கவேண்டும். நான் கொடுப்பதை வாங்கிச் சாப்பிட்டு, நல்லாயிருக்கு பிள்ளை என்று ஒரு வார்த்தை சொல்லவேண்டும். இதற்காக எத்தனையோ வாரம் கெஞ்சினேன். ஒரு சனிக்கிழமை சம்மதித்தார்.

நான் அன்று ஒவ்வொரு கடையிலும் முன்கூட்டியே சொல்லி வைத்தேன். அம்மா மாட்டிறைச்சி தொடமாட்டார். ஆகவே மரக்கறி வைத்த கொழுக்கட்டை, வெங்காயத்தாள் போட்ட ரொட்டி, கடைசியில் அந்தப் பொரித்த எள்ளுருண்டை என்று அவருக்காகவே ஒரு வரிசை போட்டேன். அம்மா கோயிலுக்குப் போடும் சுடிதாரும் பெரிய ஜக்கெட்டுமாக ஸ்ட்ரீட்காரிலிருந்து இறங்கினார். கைப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு கூட்டத்தின் ஓரத்தில் நின்றார். அதற்குள் இடியப்பமும் சம்பலும் கட்டிக்கொண்டு வந்திருக்கிறார் என்று அப்போது எனக்குத் தெரியாது.

முதல் கடையில் கொழுக்கட்டையை நீட்டி, உள்ளே என்னென்ன இருக்கிறது, எந்த எண்ணெய் என்று எல்லாவற்றையும் விளக்கிவிட்டு, "அம்மா, சாப்பிடுறியளோ?" என்று கேட்டேன்.

"வேண்டாம் பிள்ளை. நீ வேலையைப் பார்."

சரி, அடுத்த கடையில் பார்ப்போம் என்று நினைத்தேன். அடுத்த கடையிலும் விளக்கினேன், கேட்டேன். வேண்டாம் என்றார். மூன்றாவது கடையிலும் அப்படியே. இத்தனை பேருக்கு முன்னால் சொந்தத் தாயே என் கையால் வாங்கமாட்டேன் என்கிறாரே என்று இருந்தது. கதை சொல்லும்போது குரல் இரண்டு இடத்தில் பிசிறியது.

நாலாவது கடை வாசலில், இந்த வீதிக்குச் சீனர்கள் வந்து சேர்ந்த கதையைத் தொடங்கினேன். நான் மிகவும் பாடுபட்டுத் தயார்செய்த பகுதி அது. அம்மா கேட்கிறாரா என்று கூட்டத்துக்குப் பின்னால் பார்த்தேன்.

அம்மாவின் கையில் எள்ளுருண்டை இருந்தது. காலடியில் அவள் குனிந்திருந்தாள். பின்னால் வந்தவள், எனக்கு முன்னே ஐந்தாவது கடைக்குப் போய் வாங்கி வந்திருக்கிறாள். "அன்ரி, இதை ஒருக்காப் பிடியுங்கோ, லேஸ் அவிண்டு போச்சுது" என்று அவள் சொன்னதைப் பிறகு அம்மாவே எனக்கு நடித்துக் காட்டினார். அம்மா உருண்டையைப் பார்த்தார். வலப்பக்கம், இடப்பக்கம் பார்த்தார். கடித்தார். உள்ளே இருந்த சூட்டுக்கு வாயைத் திறந்து ஊதினார். எள் ஒன்று நாடியில் ஒட்டியது. கீழே குனிந்திருந்தவள் நிமிர்ந்து ஏதோ சொல்ல, என் அம்மா வாயைக் கையால் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் வீட்டில்கூடப் பார்த்து நீண்ட நாள்.

நான் கதையை எந்த இடத்தில் விட்டேன் என்று எனக்குத் தெரியவில்லை. முன்வரிசையில் நின்ற ஒருவர் எடுத்துக் கொடுத்தார்.

சுற்றுலா முடிந்து வரும்போது அவர்கள் இருவரும் ஸ்ட்ரீட்கார் தரிப்பில் நின்றார்கள். அம்மாவின் கைப்பை திறந்திருந்தது. அவள் இடியப்பத்தைச் சம்பலில் தொட்டு நின்றபடியே தின்றுகொண்டிருந்தாள். கடைசித் துண்டைக் காட்டி என்னிடம், "வேணுமோ தங்கச்சி?" என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். சரியென்று வாயில் போட்டுக்கொண்டாள். எனக்குப் பசிக்கும் என்று நினைத்து அம்மா கட்டி வந்த சாப்பாடு அது.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அம்மா அவளைப் பற்றியே பேசினார். எந்த ஊர்ப் பிள்ளை, மன்னார்ப் பக்கமாம், வேதக்காரராம், நல்ல பிள்ளை. நான் சொன்ன வரலாற்றைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை. சுரங்க ரயிலில் என்னால் அடக்க முடியவில்லை.

"நான் மூண்டு கடையிலையும் கேட்டனான்தானே அம்மா. நீங்கள்தானே வேண்டாம் எண்டு சொன்னியள்."

அம்மா என்னை விசித்திரமாகப் பார்த்தார்.

"கேட்டால்? ஆர் பிள்ளை முதல் தரத்திலையே ஓம் எண்டு சொல்லுறது? வெக்கமில்லையோ? இன்னொருக்காக் கேப்பாய் எண்டு பாத்துக்கொண்டு நிண்டன். நீ அடுத்த ஆளிட்டைப் போட்டாய்."

"அப்ப அந்த அக்கா? இடியப்பம் வேணுமோ எண்டு நீங்கள் எத்தினை தரம் கேட்டனியள்?"

"ஒருக்காத்தான். உடனை ஓம் எண்டிட்டாள்." அம்மாவின் முகம் மலர்ந்தது. "அவள் வேறை."

அவள் வேறை. அந்தச் சொல்லை நான் அன்று இரவு முழுவதும் மென்றுகொண்டிருந்தேன். என் வீட்டிலும்தான் யாராவது வந்தால் அம்மா தேத்தண்ணி வேணுமோ என்று கேட்கிறார். அவர்கள் வேண்டாம் என்கிறார்கள். அம்மா அதைக் காதில் வாங்காமல் கேத்தலை அடுப்பில் வைக்கிறார். சிறுவயதிலிருந்து பார்த்த காட்சி. ஆனால் நான் பள்ளிக்கூடத்தில் படித்தது, ஒருவர் வேண்டாம் என்றால் அது வேண்டாம்தான் என்று. அதுவும் சரிதானே. ஆசிரியையின் கிண்ணத்தைப் பறித்தவள் நான்தானே. இவள் மட்டும் எப்படி எந்த வேண்டாம் எந்த வகை என்று யோசிக்காமலே எல்லாருக்கும் பிடி பிடி என்று கொடுத்து, எல்லாருடைய அன்பையும் வாங்கிக்கொண்டு போகிறாள்?

எல்லாருக்கும் என்று எழுதிவிட்டேன். எல்லாருக்கும் இல்லை.

இதை நான் அந்தக் குளிர்காலத்தில்தான் கவனித்தேன். சனிக்கிழமை வகுப்பு ஒன்று முடிந்து, மதியம் சாப்பிடாமல் நேரே வேலைக்கு வந்த ஒரு நாள். அவள் வெங்காயத்தாள் ரொட்டி ஒன்றை வாங்கி வந்தாள். கடதாசிப் பையில் எண்ணெய் ஊறியிருந்தது. கையுறை போட்ட கையால் பிய்த்து, "வேணுமோ தங்கச்சி?" என்றாள். எனக்கு வயிறு இழுத்துப் பிடித்தது. "வேண்டாம் அக்கா" என்றேன். சொல்லிவிட்டுக் காத்திருந்தேன். அவள் சரியென்று தின்னத் தொடங்கினாள். பாதி மீதமிருந்தது. தரிப்பில் ஒரு முன்பின் தெரியாத பையன் கைகளை உரசிக்கொண்டு நின்றான். அவன் கையில் அதைக் கொடுத்துவிட்டு, இதைக் கொஞ்சம் பிடி என்று குனிந்தாள். அவன் தின்பதை நான் பார்த்துக்கொண்டு நின்றேன். அவன்மேல் எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமில்லை.

யோசித்துப் பார்த்தால் எப்போதுமே அப்படித்தான் இருந்திருக்கிறது. முதலாளிக்குப் பிடி, ஒட்டாவாக்காரருக்குப் பிடி, என் அம்மாவுக்குப் பிடி. அவளோடு பக்கத்திலேயே நடந்த எனக்கு மட்டும் ஒரே ஒரு கேள்வி. நான் வேண்டாம் என்பேன். அவள் சரி என்பாள்.

அடுத்த கோடையில் அவள் வேலையை விட்டாள். கணவனுக்குக் கல்கரியில் வேலை கிடைத்திருந்தது. கடைசி நாள் முதலாளி ஒரு பெட்டி முட்டைத் தார்ட், நடுவில் முட்டைக் கூழ் வைத்துச் சுட்ட சின்ன இனிப்புகள், வாங்கித் தந்தார். பெட்டி கடைசி வரை அவள் கையில்தான் இருந்தது. வந்தவர்கள், கடைக்காரர்கள், ஸ்ட்ரீட்கார் ஓட்டுநர் ஒருவர் என்று பங்கிட்டுக்கொண்டே வந்தாள். எல்லாரும் போன பிறகு நாங்கள் இருவரும் ஒரு பூட்டிய கடையின் படியில் உட்கார்ந்தோம். நான் பகிடி மாதிரிக் கேட்டேன்.

"ஏன் அக்கா, எனக்கு மட்டும் ஒருநாளும் பிடி எண்டு தரேல்லை?"

அவள் யோசித்தாள். அவள் யோசித்து நான் அவ்வளவாகப் பார்த்ததில்லை.

"உனக்கோ? நீ படிச்ச பிள்ளை. வேண்டாம் எண்டா யோசிச்சுத்தான் சொல்லியிருப்பாய் எண்டு நினைச்சன். மற்றாக்களின்ரை வேண்டாமை நான் நம்பிறேல்லை. உன்ரையை நம்பினனான்."

அது கேலியா, மரியாதையா என்று எனக்கு இன்றும் தெரியாது. அவள் முகத்தில் சிரிப்பு இருக்கவில்லை. பெட்டியைத் திறந்தாள். ஒரு தார்ட் மீதமிருந்தது. மஞ்சளாக, நடுவில் கொஞ்சம் கருகி.

"வேணுமோ?"

வேண்டாம் என்று என் வாய் சொல்லிவிட்டது. இத்தனையும் பேசிய பிறகும் சொல்லிவிட்டது. அவள் ஒரு கணம் என்னைப் பார்த்தாள். பிறகு தின்றாள். உதிர்ந்த துகள்களை மடியிலிருந்து தட்டிவிட்டு எழும்பி, அவிழ்ந்த லேஸோடு ரயிலைப் பிடிக்க ஓடினாள். அதற்குப் பிறகு நான் அவளைக் காணவில்லை.

படிப்பு முடிந்து நானும் அந்த வேலையை விட்டுவிட்டேன். இப்போது நல்ல வேலை. லிஃப்டில் யார் கேட்டாலும் அம்மா அதன் பெயரை ஆங்கிலத்தில் சொல்கிறார். போன மாதம் ஒரு சனிக்கிழமை, ஸ்பெடைனாவுக்கு ஒருக்காப் போவமோ என்று அவரே கேட்டார். எதற்கு என்று நான் கேட்கவில்லை.

நேரே அந்த ஐந்தாவது கடைக்குப் போனோம். எள்ளுருண்டை ஒன்று வாங்கினேன். அம்மாவிடம் வேணுமோ என்று கேட்கவில்லை. உள்ளே என்ன இருக்கிறது என்றும் சொல்லவில்லை.

"அம்மா, இதை ஒருக்காப் பிடியுங்கோ."

கொடுத்துவிட்டுக் குனிந்தேன். குனிந்த பிறகுதான் பார்த்தேன், என் சப்பாத்தில் லேஸே இல்லை. இருந்தும் குனிந்தபடியே இருந்தேன். பிறகு பொரித்த ஓடு உடையும் சத்தம் கேட்டது.

"உதை அந்தப் பிள்ளையிட்டைத்தானே பழகினனி?"

நிமிர்ந்தபோது அம்மா முழுவதையும் முடித்து விரலில் ஒட்டிய எள்ளைத் தின்றுகொண்டிருந்தார்.

"நல்லாத்தான் இருக்கு," என்றார். பிறகு கொஞ்சம் யோசித்து, "ஆனால் அண்டைக்கு அவள் தந்தது நல்ல சூடு," என்றார்.

அதே கடை. அதே சட்டி.

"இன்னொண்டு வாங்கிறன்," என்றேன்.

"வேண்டாம் பிள்ளை, காணும்."

நான் திரும்பிப் போய் வரிசையில் நின்றேன். என் முறை வந்ததும், இப்போது பொரித்து எடுப்பதிலிருந்து தாருங்கள், ஆறியது வேண்டாம், எவ்வளவு நேரமானாலும் நிற்கிறேன் என்று கடைக்காரப் பெண்ணிடம் சுத்தமான மண்டரினில் சொன்னேன்.